கோல் காப்பாளர் நோரா ராட்டி

2006 துரின் ஒலிம்பிக்கில் பின்லாந்து மகளிர் ஐஸ் ஹொக்கி அணியில் இடம்பெற்றபோது நோரா ராட்டிக்கு வயது 16. பின்னர் அமெரிக்காவின் மினசோட்டா பல்கலைக்கழகத்திற்காகக் கோல் காத்தார். 2012-13 பருவகாலத்தில் அவ்வணி தான் ஆடிய 41 போட்டிகளிலும் வென்றது. அவற்றுள் 38 வெற்றிகள் நோராவின் கணக்கில் பதிவாகின.

ஆயினும், வீராங்கனைகளுக்குச் சம்பளம் வழங்கும் லீக் எதுவும் அன்று வட அமெரிக்காவில் இருக்கவில்லை. 2014 இல் அவர் தாயகத்தில் ஆண்களின் இரண்டாம் நிலை லீக்கில் கியெக்கோ வந்தா அணியுடன் இணைந்தார். 2017 இல் சீனாவின் குன்லுன் ரெட் ஸ்டார் அணிக்குச் சென்றார். 2022 பெய்ஜிங் ஒலிம்பிக்கிற்குத் தன் வீராங்கனைகளைத் தயார்ப்படுத்தவே சீனா வெளிநாட்டவரை ஊதியம் கொடுத்து அழைத்திருந்தது. அவ்வணி ஆடிவந்த கனடிய மகளிர் லீக்கும் 2019 இல் மூடப்பட்டது.

முறையான சம்பளத்துடன் கூடிய புதிய மகளிர் லீக் வட அமெரிக்காவில் 2024 ஜனவரியில் ஆட்டங்களைத் தொடங்கியது. நோராவின் உச்சக்காலம் அதற்கு முன்பே கடந்துவிட்டிருந்தது.