பச்சை குத்திய படம்

பழைய வழக்கம் எது, பாசாங்கு எது என்று பிரித்துச் சொல்வது நாம் நினைக்கிறபடி அத்தனை சுலபமில்லை. ராபர்ட் ஃப்ளாஹர்டி என்ற அமெரிக்கப் படப்பிடிப்பாளரின் சரித்திரம் இதற்கு நல்ல உதாரணம்.

கனடாவின் வடகோடிப் பனிப் பிரதேசத்து மக்களை வைத்து 1922-ல் அவர் வெளியிட்ட 'நானூக்' சக்கைப்போடு போட்டது. அதேமாதிரி இன்னொன்று வேண்டும் என்றார்கள் பாரமவுண்ட் கம்பெனியார். 1923-ல் மனைவி மக்களுடன் பசிபிக் சமுத்திரத்துக்குப் போனார். பாலினீஷிய மக்கள் வாழும் சமோவாவில், சவாயித் தீவின் சஃபூனே கிராமத்தில் ஒரு வருஷத்துக்கு மேல் தங்கினார். பனிப்புயலும் பசியும் அங்கே ஏது? கடலில் மீன், மரத்தில் தேங்காய்! போராட்டத்துக்கு வழியில்லாமல், பச்சை குத்தும் சடங்கைப் பிடித்துக்கொண்டார்.

நம் ஊர்ப் பச்சையைப்போல் முன்கையோடு நின்றுவிடும் சமாசாரமல்ல அது. இடுப்பிலிருந்து முழங்கால்வரை, நாள்கணக்கில், கூரிய பற்கள் கொண்ட கருவியைத் தட்டித் தட்டிக் குத்துவது. பாதிரிமாருக்குப் பிடிக்காமல் அவ்வூரில் அருகி வந்த வழக்கம். தாவாலே என்ற இளைஞர் படத்துக்காகக் கூலி பெற்றுக்கொண்டு அந்த வலியைத் தாங்கினார். கடைத் துணிக்குப் பழகிவிட்டவர்கள் மறுபடி மரப்பட்டைத் துணி உடுத்திக்கொண்டார்கள்.

1926-ல் அந்தப் படம் 'மோவானா' என்ற பெயரில் வந்தது. அதற்கு விமர்சனம் எழுதிய ஜான் கிரியர்சன் 'டாக்குமெண்டரி' என்ற சொல்லைப் பயன்படுத்தினார். சொல் உலகமெல்லாம் பரவிவிட்டது. உள்ளதை உள்ளபடி காட்டும் படத்துக்கு இன்று வழங்கும் பெயர், ஜோடித்த காட்சிகளைப் பற்றிய பேச்சில் எழுந்தது என்பதுதான் வேடிக்கை.

இதே மனிதர் 1935-ல் நம் அண்டைச் சீமையான மைசூருக்கும் வந்தார். கிப்ளிங்கின் யானைக் கதையொன்றைப் படமாக்க வந்த இடத்தில், யானைப்பாகனின் மகன் சாபு கதாநாயகனாக அகப்பட்டான். லண்டன் முதலாளி அலெக்சாண்டர் கோர்டாவுக்குக் காட்டுக் காட்சிகள் மட்டும் போதவில்லை. தம்பி ஸோல்டானைக் கொண்டு ஸ்டூடியோக் காட்சிகளை ஒட்டுப் போட்டு, 1937-ல் 'எலிஃபண்ட் பாய்' என்று வெளியிட்டார். சாபு சீமைக்குப் போய், அமெரிக்கப் பிரஜையாகி, 1963-ல் 39-ஆம் வயதில் காலமானார். ஹாலிவுட்டில் அவருக்குக் கிடைத்தவை பெரும்பாலும் கீழைத்தேச வேஷங்களே.

அப்படியானால் எல்லாம் மோசடிதானா? அவ்வாறு தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை. தாவாலேயின் தோலில் இறங்கிய மை, மாலையில் கழுவிவிடும் அரிதாரமல்ல. இன்னொன்றும் உண்டு. சிறுமியாக அங்கே வாழ்ந்த ஃப்ளாஹர்டியின் மகள் மோனிகா, 1975-ல் ஒலிப்பதிவுக் கருவியுடன் சமோவாவுக்குத் திரும்பினார். ஊமைப் படத்துக்கு அத்தீவு மக்களே பேச்சும் பாட்டும் கொடுத்தார்கள். 1980-ல் படம் அவர்கள் குரலோடு வெளிவந்தது. முகம் போய் அரை நூற்றாண்டு கழித்துத்தான் குரல் போய்ச் சேர்ந்தது!

அம்பத்தூரில் கீரை விற்கும் கிழவிகளின் முன்கையில் பச்சைக் கோலத்தை நான் இன்னும் பார்க்கிறேன். காமிராவோடு யாரேனும் அவர்களைத் தேடி வந்தால் ஒரு வார்த்தை சொல்வேன்: கோலத்தை மட்டும் எடுத்துக்கொண்டு போய்விடாதீர்கள். யார் குத்தினார்கள், வலித்ததா, கூலி என்ன கொடுத்தார்கள் என்று பாட்டியையே கேளுங்கள். அவள் சொல்லி முடிக்கிறவரை காமிரா ஓடட்டும்.