நூல்: ஏட்டிலும் வலையிலும்

கற்பனை உலகங்களைப் படைக்கும் கதாசிரியர்கள் கடலோரக் குடி ஒன்றை உண்டாக்கினால், அதன் கையில் ஒரு கடல் வேதத்தையும் கொடுத்துவிடுவார்கள். அலையின் பிறப்பு, காற்றின் குணம், மீன் வரும் வழி எல்லாம் அதில் எழுதியிருக்கும். நமக்கு அப்படி ஒரு நூல் உண்டா என்று கேட்டால், இல்லை என்பதே பலரின் பதிலாக இருக்கும். கடல் நூல்களை விழுங்கியதாகச் சொல்லப்படும் முச்சங்கக் கதைதான் தமிழருக்குப் பழக்கம். கடல் நூல் தந்ததாக ஒரு கதை இல்லை. ஈழத்தில் முந்தல் களப்புக்கும் கடலுக்கும் நடுவே இருக்கும் உடப்பு என்ற ஊரைப் பார்த்தாலும் அந்தப் பதில் சரி என்றே முதலில் தோன்றும். அங்கே திரௌபதை அம்மன் கோயில் திருவிழாவில் படிக்கப்படுவது பாரதம், அதாவது குருச்சேத்திர மண்ணில் நடந்த போரின் கதை. கரையில் நின்று இழுக்கும் கரைவலையை நம்பி வாழ்ந்த ஊர் பக்தியோடு கேட்கும் புனித நூலில் கரைவலைக்கு இடமில்லை. ஆனால் ‘நூல்’ என்ற சொல் நடந்து வந்த வழியைப் பார்த்தால், கேள்வியையே சற்றுத் திருத்திக் கேட்கவேண்டியிருக்கிறது.

நூல் முதலில் திரித்த இழையின் பெயர்; ‘நூற்றல்’ என்ற வினை அதை இன்றும் காட்டிக்கொண்டிருக்கிறது. எழுதப்பட்ட படைப்பு என்ற பொருளும் பழையதுதான். தொல்காப்பிய மரபியலே முதல்நூல், வழிநூல் என்று வகை பிரிக்கிறது. 13ஆம் நூற்றாண்டில் நன்னூல் செய்த பவணந்தியார் இரண்டு பொருளையும் சேர்த்துக் காட்ட இரண்டு உவமைகளை எடுத்தார். ஒன்றில் சொல் பஞ்சாகிறது, புலவர் நூற்கும் பெண்ணாகிறார், அவர் வாய் அவள் கையாகிறது, அறிவு கதிராகிறது. மற்றது தச்சனின் நூல். மரத்தின் கோணலை நூல் தீர்ப்பதுபோல மனத்தின் கோணலைத் தீர்ப்பது நூல் என்கிறார். இந்த இரண்டாவது உவமை எனக்கு முக்கியமாகப் படுகிறது. தச்சுப் பட்டறையில் இன்றும் அங்குலத்தில் எட்டில் ஒரு பங்குக்கு ‘ஒரு நூல்’ என்றே பெயர். தோணி கட்டும் ஓடாவியும் நூல் பிடிக்காமல் பலகை சேர்க்க முடியாது. பவணந்தியாரின் இலக்கணம் தொழிலாளியின் கையிலிருந்து கடன் வாங்கியிருக்கிறது.

வடமொழியிலும் ‘சூத்திரம்’ இழையையும் நூலையும் குறிப்பதால், தமிழ் ‘நூல்’ அதன் மொழிபெயர்ப்பே என்று வாதிடலாம். எளிதில் தள்ளிவிடக்கூடிய வாதமல்ல இது. ஆனால் தமிழில் சூத்திரம் என்ற சொல் தனியாகவும் வழங்கியது. அது ஒரு நூற்பாவைக் குறித்தது, நூல் முழுப் படைப்பையும் குறித்தது. இதைவிட வலுவான சான்று ‘பனுவல்’. புறநானூற்றில் அது நூற்பதற்குக் கொட்டிய பஞ்சு. பின்னால் அதுவும் இலக்கியப் படைப்பின் பெயராகிவிட்டது. இரவல் உவமை என்றால் ஒரு சொல்லோடு நின்றிருக்கும். இரண்டு சொற்கள் பஞ்சிலிருந்து ஏட்டுக்கு ஒரே பாதையில் போயிருப்பதால், அந்தப் பாதை இங்கேயே போடப்பட்டது என்று கொள்வதே நியாயம். (தறியின் ‘பாவு’, செய்யுளின் ‘பா’ இரண்டையும் இந்தச் சாட்சிகளோடு நிறுத்த ஆசை எழும். ஒலி ஒற்றுமையைத் தவிர வேறு ஆதாரம் வேண்டும் என்பதால் அதை நான் சேர்க்கவில்லை.)

படித்தவர் வீட்டில் நூல் ஏடாகியது. கடற்கரையில் அது நூலாகவே இருந்து, ஏடு செய்த வேலையில் பாதியைச் செய்தது. கரைவலையின் இரு கைகளிலும் கண்கள் அகலமானவை. மீன் சேரும் பையான மடியை நெருங்க நெருங்க அவை சிறுத்து, மடியில் மிகப் பொடியாகின்றன. எந்த மீன் கயிற்றைக் கண்டு மிரண்டு உள்ளே ஒதுங்கும், எது மடியில் தங்கும் என்ற பல தலைமுறை அறிவு அந்தக் கண்களின் அளவில் முடியப்பட்டிருக்கிறது. இழுக்கும்போது ஒருவர் அடி எடுத்துக் கொடுக்க, மற்றவர்கள் ஏற்றுப் பாடுவது அம்பா. தெய்வத்தை அழைப்பதும் அதில் உண்டு, கைகளை ஒரே வேகத்தில் இழுக்கவைக்கும் தாளமும் உண்டு. பவணந்தியாரின் உவமையில் ஒப்பாக நின்ற சொல்லும் இழையும் இங்கே ஒரே கயிற்றில் சேர்ந்து நிற்கின்றன. வலையைப் புத்தகம் என்பது வெறும் அலங்காரம், எழுத்தில்லாதது நூலாகாது என்று மறுப்பவர்களுக்கு ஒரு பதில் உண்டு. எழுத்து நூலின் இலக்கணமாக இருந்திருந்தால் பவணந்தியார் எழுத்தாணியைச் சொல்லியிருப்பார். அவர் சொன்னது வாயையும் கையையும். கடலறிவு ஏட்டில் ஏறிய இடமும் இல்லாமலில்லை. 1950இல் சென்னை அரசினர் கீழ்த்திசைச் சுவடி நூலகம் அச்சிட்ட ‘கப்பல் சாத்திரம்’ மரத்தையும் அளவையும் சொல்வதோடு நன்மை தீமைக் குறிகளையும் சொல்கிறது. சாத்திரம் என்றால் சோதிடம் என்று பொருள்கொள்ளும் ஈழத்து வழக்குக்கு அந்தத் தலைப்பு நன்றாகவே பொருந்தும். ஆனால் அது கப்பல் கட்டுவோருக்கானது. வலை இழுப்பவரின் அறிவு அதற்குள் வரவில்லை.

அந்த அறிவு இப்போது இரண்டு பக்கமும் அறுகிறது. கையால் திரித்த நூலின் இடத்தை நைலோன் பிடித்தது. பிறகு ஒற்றை இழையான தங்கூசி வந்தது. கரைவலையை இழுக்க உழவு இயந்திரத்தில் பூட்டிய வின்ச் வந்த கரைகளில் அம்பாவுக்கு வேலையே இல்லாமல் போகிறது. பல கைகளைச் சேர்க்கப் பிறந்த தாளம் அது. இயந்திரத்துக்கு அது தேவையில்லை. உழைப்பவரின் முதுகு வலி குறைவதை யாரும் குறைசொல்ல முடியாது. ஆனால் அம்பாவை மேடைக்கு ஏற்றி நாலு அடி பாடவைத்துவிட்டுக் காப்பாற்றிவிட்டோம் என்று நம்புவது தவறு. எந்த அடி வலை வளைக்கும்போது வரும், எது மடி கரையேறும்போது வரும், அந்த நேரத்தில் கையில் இருக்கும் கயிற்றுக்கு என்ன பெயர், வலையின் எந்தப் பகுதிக்கு எத்தனை கண் என்பதெல்லாம் பாட்டோடு சேர்த்தே எழுதப்படவேண்டும். முந்தல், உடப்பு, ஆண்டிமுனைப் பக்கத்துத் தமிழாசிரியர்களும் மாணவர்களும் வலை பொத்தும் முதியவர்களின் அருகே இந்த விடுமுறையிலேயே குறிப்பேட்டோடு போய் உட்காரவேண்டும்.