தரிசு என்று எழுதப்பட்ட புல்

உதகைக்குச் சென்று திரும்பும் நம்மில் பெரும்பாலோர், கற்பூர மரங்களின் நிழலையும் தேயிலைச் சரிவுகளையுமே நீலகிரியின் தொல்லுருவம் என்று நம்பிவிடுகிறோம். இரண்டுமே பத்தொன்பதாம் நூற்றாண்டின் வரவுகள். 1819ஆம் ஆண்டு கோயம்புத்தூர் ஆட்சியர் ஜான் சலிவன் மலையேறியபோது மேல்பீடபூமியில் பரந்து கிடந்தது புல்வெளி. அலையலையான குன்றுகளின் மீது புல். அவற்றின் மடிப்புகளில் மட்டும் இருண்ட சோலைகள்.

மரமும் இல்லை, ஏர்பட்ட தடமும் இல்லை என்றால் அந்நிலத்துக்கு வருவாய்த் துறையின் ஏட்டில் ஒரு சொல் ஆயத்தமாக இருந்தது: தரிசு. அங்கே எருமை மேய்த்து வாழ்ந்த தொதவரே நிலத்துக்குரியவர் என்று சலிவன் வாதிட்டுப் பார்த்தார். மேலிடம் இசையவில்லை. மேய்ச்சல் உரிமை மட்டும் அவர்களுக்கு எஞ்சியது. (புல்லைத் தாழ்த்துவதில் நம் மொழிக்கும் பங்குண்டு. புறத்தே வயிரம் உடையவற்றைப் புல் என்றும் அகத்தே வயிரம் உடையவற்றை மரம் என்றும் தொல்காப்பிய மரபியல் நடுநிலையோடு வகுக்கிறது. ஆனால் நாம் ‘புன்மை’ என்றால் இழிவையே குறிக்கிறோம்.)

தரிசு என்று பெயரிட்டபின் அதை நிரப்பத் தோன்றுவது இயல்புதானே! வளர்ந்துவந்த உதகைக்கு விறகு வேண்டியிருந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பாதியிலேயே ஆஸ்திரேலியாவிலிருந்து சீகையும் கற்பூர மரமும் வந்து இறங்கின. விடுதலைக்குப் பின் தோல் பதனிடும் பட்டைக்காகவும் ரேயான் கூழுக்காகவும் அரசே முனைந்து பெரும்பரப்பில் நட்டது. குந்தா மின்திட்ட அணைகள் பள்ளத்தாக்குகளை மூழ்கடித்தன. எஞ்சிய சதுப்புகள் பல, கால்வாய் வெட்டி வடிக்கப்பட்டு உருளைக்கிழங்குக்கும் காரட்டுக்கும் ஆயின.

சோலையை மனிதர் வெட்டியும் எரித்தும் அழித்ததால்தான் புல்வெளி உண்டாயிற்று என்ற கருத்து நெடுங்காலம் செல்வாக்குடன் இருந்தது. மரம் நடுவோருக்கு அது நல்ல சான்றுரையாகவும் அமைந்தது. 1993இல் ‘நேச்சர்’ இதழில் வந்த ஆய்வு இதை அசைத்தது. ஆர். சுகுமாரும் உடன் ஆய்ந்தோரும் நீலகிரிச் சதுப்புகளில் அடுக்கடுக்காகப் படிந்த மட்கில் கரிமத்தின் வகைகளை அளந்தனர். மரங்கள் விட்டுச்செல்லும் கரிமமும் வெப்பநிலப் புற்கள் விட்டுச்செல்லும் கரிமமும் வேறுபடும். ஏறத்தாழ 20,000 ஆண்டுகளுக்கு முன், பனியூழியின் உச்சத்தில், இங்கே புல்லே மேலோங்கியிருந்தது என்று அம்மட்கு கூறியது. கோடரி பிடித்த கை இம்மலையில் தோன்றுமுன்பே புல் இருந்திருக்கிறது.

அது நிலைத்ததற்கு உறைபனி ஒரு காரணம். மார்கழி, தை இரவுகளில் திறந்த சரிவில் முளைத்த சோலைக்கன்றின் நுனி கருகிவிடும். பல்லாண்டுப் புல்லின் வளர்முனையோ மண்ணோடு மண்ணாக, பழைய தாளடிகளுக்குள் பொதிந்திருக்கிறது. மேலே உள்ள இலை பனியில் காய்ந்தாலும் நெருப்பில் வெந்தாலும் மழை விழுந்ததும் அத்தூரே மீண்டும் தளிர்க்கும். சீகையை இப்பனி அவ்வளவாகத் தடுப்பதில்லை. அதன் நிழலிலோ வெயில் நாடும் இப்புல் நிற்பதில்லை.

இப்புற்களுள் ஒன்றைத் தனித்துச் சொல்ல வேண்டும். கோவை வேளாண் கல்லூரியில் தாவரவியல் போதித்தவரும், தென்னிந்தியப் புற்களைப் பற்றி 1921இல் நூல் வெளியிட்டவருமான ரங்காச்சாரியாரின் பெயரைத் தாங்கியது அது: எரியோகிரைசிஸ் ரங்காச்சாரி. சதுப்போரங்களில் வளர்வது. தொதவர் இதை ‘அவ்ஃபுல்’ என்கின்றனர். அச்சொல்லின் ஈற்றில் நம் ‘புல்’லே ஒலிப்பதாக நம் காதுக்குப் படுகிறது. பிரம்பும் மூங்கிலும் வளைத்துக் கட்டிய தொதவர் கோயில்களுக்குக் கூரை வேய்வது இப்புல்லால்தான். முத்தநாடு மந்தின் கூம்புவடிவக் கோயிலைப் படத்திலேனும் கண்டவர்கள், அதன் உயர்ந்த கூரை எத்தனை கட்டுப் புல்லைக் கேட்கும் என்று எண்ணிப்பார்க்கலாம். வீடுகள் பெரும்பாலும் சிமென்ட்டுக்கு மாறிவிட்டன. கோயில் அவ்வாறு மாறுவதில்லை. மரபுப்படி புது வேய்ச்சல் வேண்டும்.

இழப்பு தொதவருடையது மட்டுமன்று. பைக்காராவை அடுத்த கிளன்மார்கனில் மண், நீர்வள ஆய்வு மையத்தார் அருகருகே இரண்டு நீர்ப்பிடிப்புகளை ஒப்பிட்டனர். ஒன்றை இயற்கையாக விட்டு, மற்றொன்றின் பாதிக்கும் மேற்பட்ட பரப்பில் 1972இல் கற்பூர மரம் நட்டனர். முதல் பத்தாண்டுகளிலேயே அதிலிருந்து வழியும் நீர் சுமார் 16 விழுக்காடு குறைந்தது. மரம் வைத்தால் மழை பெருகும் என்று பள்ளிப் பருவத்திலிருந்தே படித்த நமக்கு இது கசப்பான கணக்கு. இம்மலையின் நீர்தான் பவானிக்கும் மோயாற்றுக்கும் இறங்குகிறது.

அண்மைக் காலத்தில் சீகையை அகற்றும் பணி சில இடங்களில் நடந்துவருகிறது. மரத்தை வெட்டுவது எளிது. மண்ணுக்குள் பல்லாண்டுகள் உறங்கும் அதன் விதைகள் வெளிச்சம் கண்டதும் கூட்டமாக எழுகின்றன. ஆண்டுதோறும் குனிந்து பிடுங்க வேண்டும். வெற்றிடத்தில் சொந்தப் புல் தானே வருவதும் அரிது. தூர்களைப் பிரித்து, நாற்றங்காலில் வளர்த்து, நெல் நடுவதுபோல ஒவ்வொன்றாக ஊன்றுகிறார்கள்.