அப்பம் தின்ற இரவு

2014 நவம்பர் 21. கொழும்பில் செய்தியாளர்கள் முன் வந்து உட்கார்ந்தபோது மைத்திரிபால சிறிசேன, ஜனாதிபதி மகிந்த ராஜபக்ச அரசின் சுகாதார அமைச்சர். சுதந்திரக் கட்சியின் பொதுச் செயலாளரும் அவர்தான். எழுந்துபோனபோது ஜனாதிபதித் தேர்தலில் எதிர்க்கட்சிகளின் பொது வேட்பாளர். முந்தைய இரவுதான் ராஜபக்சவோடு உட்கார்ந்து அப்பம் சாப்பிட்டிருந்தார்.

இலங்கையில் அப்பம் எளிய இராச் சாப்பாடு. தாச்சியில் மாவைச் சுழற்றி, விரும்பினால் நடுவே ஒரு முட்டையை உடைத்து ஊற்றுவார்கள், தொட்டுக்கொள்ளச் சம்பல். அந்த ஒரு இரவால் அது அரசியல் சொல்லாகிவிட்டது. உண்ட வீட்டுக்கு இரண்டகம் என்று ராஜபக்ச ஆதரவாளர்கள் கொதித்தார்கள்.

வாக்காளர்கள் அதைக் குற்றமாக எடுத்துக்கொள்ளவில்லை. ஒருவர் இரண்டு முறைக்கு மேல் ஜனாதிபதியாகக் கூடாது என்ற தடையை 2010-இல் நீக்கியவர் ராஜபக்ச. நிறைவேற்று ஜனாதிபதி முறையையே ஒழிப்பேன் என்றார் சிறிசேன. 2015 ஜனவரி 8 தேர்தலில் அவருக்கு 51.28 சதவீதம். தமிழர் பகுதிகள் அள்ளிக் கொடுத்தன: மட்டக்களப்பு மாவட்டத்தில் 81 சதவீதத்துக்கும் மேல்.

அவர் ஒன்றுமே செய்யவில்லை என்று சொல்வது அநியாயம். அந்த ஏப்ரலிலேயே 19-ஆவது திருத்தம் வந்தது. இரண்டு தவணை வரம்பு திரும்பியது. நாடாளுமன்றம் தானே மூன்றில் இரண்டு பங்கு ஆதரவோடு கேட்டாலொழிய, நாலரை ஆண்டுக்கு முன் ஜனாதிபதி அதைக் கலைக்க முடியாது என்றும் ஆனது.

கிணறு வெட்டியவரே அதில் விழுந்ததுதான் வேடிக்கை. 2018 அக்டோபர் 26 இரவு பிரதமர் ரணில் விக்கிரமசிங்கவை நீக்கிவிட்டு, அதே ராஜபக்சவுக்குப் பிரதமராகப் பதவிப் பிரமாணம் செய்துவைத்தார் சிறிசேன. எவரை வீழ்த்த மக்கள் வாக்களித்தார்களோ, அவரையே! ரணிலோ பிரதமரின் இல்லமான அலரி மாளிகையை விட்டு நகரவில்லை. ராஜபக்சவுக்குப் பெரும்பான்மை சேரவில்லை என்றதும் நவம்பர் 9 அன்று நாடாளுமன்றத்தைக் கலைத்தார் சிறிசேன. உயர் நீதிமன்றம் அதற்கு இடைக்காலத் தடை விதிக்க, அடுத்த சில நாட்களில் கூடிய அவையில் மிளகாய்த்தூள் பறந்தது.

கலைப்பை எதிர்த்த மனுதாரர்களில் தமிழ்த் தேசியக் கூட்டமைப்பின் இரா. சம்பந்தனும் ஒருவர். டிசம்பர் 13 அன்று ஏழு நீதிபதிகளும் ஒரே குரலில் சொன்னார்கள்: கலைத்தது செல்லாது.

225 உறுப்பினர்களும் கேட்டாலும் ரணிலை இனிப் பிரதமராக்க மாட்டேன் என்று சொல்லியிருந்தார் சிறிசேன. டிசம்பர் 16 அன்று ரணில் மீண்டும் பிரதமரானார். பதவிப் பிரமாணம் செய்துவைத்தவர் சிறிசேன.