குவார் கெப்பா: சுண்ணாம்பாகிப் போன வரலாறு



கெடா மாநிலத் தமிழர்களாகிய நமக்குக் 'கடாரம்' என்ற சொல்லைக் கேட்டாலே நெஞ்சு நிமிரும். 1025ஆம் ஆண்டில் இராசேந்திர சோழன் கடற்படை அனுப்பியதையும் பூஜாங் பள்ளத்தாக்கின் சண்டிகளையும் நம் பிள்ளைகளுக்குத் தவறாமல் சொல்லித் தருகிறோம். சொல்லித் தரவும் வேண்டும். ஆனால், பாடாங் மேஹாவுக்கு மேற்கே, மூடா ஆறு கடலை நோக்கிச் செல்லும் சமவெளியில், சோழர் கப்பல்களுக்கு நாலாயிரத்து ஐந்நூறு ஆண்டுகளுக்கும் மேல் முற்பட்ட ஒரு வரலாறு கிடக்கிறது. அங்கே கல்வெட்டு இல்லை, கோயில் இல்லை, அரசன் பெயர் எதுவும் இல்லை. மட்டி ஓடுகளும் எலும்புகளும் கல் கருவிகளும்தாம் இருக்கின்றன. பினாங்கு மாநிலத்தின் வட செபராங் பிறையில், கெப்பாலா பத்தாஸ் வட்டாரத்தில் உள்ள அவ்விடத்தின் பெயர் குவார் கெப்பா.

வடமாநில மலாய் வழக்கில் 'குவார்' என்றால் மேடு. 'கெப்பா' என்பது ஒருவகை மட்டி. ஆக, மட்டிமேடு என்பதே ஊரின் பெயர். ஏட்டில் எழுதப்படாத செய்தியை ஊர்ப்பெயர் காத்து வைத்திருக்கிறது.

மேடு கரைந்த கதை

1860ஆம் ஆண்டில், இப்பகுதியில் ஆங்கிலேய அதிகாரியாக இருந்த ஜார்ஜ் வின்ட்சர் ஏர்ல் என்பவர் இந்த மேடுகளைப் பார்வையிட்டார். கடற்கரையை விட்டு உள்ளே தள்ளி, மலைபோல் மட்டி ஓடுகள் குவிந்து கிடந்தன. ஓடுகளுக்கு நடுவே மனித எலும்புகளும் இருந்தன. அவற்றுள் சில இலண்டனுக்கு அனுப்பப்பட்டன. டார்வினின் நண்பரும் பெயர்பெற்ற உயிரியல் அறிஞருமான தாமஸ் ஹக்ஸ்லி அவற்றை ஆராய்ந்து எழுதினார். ஏர்லின் கட்டுரையும் ஹக்ஸ்லியின் குறிப்பும் 1863இல் வெளிவந்தன. தமிழகத்தில் இராபர்ட் புரூஸ் பூட் பல்லாவரத்தில் பழைய கற்கருவியைக் கண்டெடுத்ததும் அதே 1863ஆம் ஆண்டில்தான்.

ஏர்ல் அங்கே சென்ற வேளையிலேயே மேடுகள் கரைந்துகொண்டிருந்தன. சீனத் தொழிலாளர்கள் ஓடுகளை வெட்டியெடுத்துச் சூளையிலிட்டுச் சுண்ணாம்பாக நீற்றினார்கள். இதில் வியப்பில்லை. கிளிஞ்சலைச் சுட்டுச் சுண்ணாம்பு எடுப்பது நம் முன்னோர்களுக்கும் பழக்கமான தொழிலே. வீட்டுச் சுவருக்கும் வெற்றிலைக்கும் அந்தச் சுண்ணாம்பைத்தான் பூசினார்கள். அத்தொழிலாளர்களுக்கு அது பிழைப்பு. ஆனால், ஆயிரமாயிரம் ஆண்டுகள் அடுக்கடுக்காகச் சேர்ந்த சான்று அந்தச் சூளைகளில் வெந்து போயிற்று.

1934இல் வான் ஸ்டைன் காலன்பெல்ஸ் என்ற டச்சு அறிஞர் எஞ்சியிருந்த மூன்று மேடுகளில் அகழாய்வு செய்தார். கிடைத்த மனித எலும்புகள் பின்னர் நெதர்லாந்தின் லைடன் நகருக்குச் சென்றன. எல்லாம் முடிந்துவிட்டது என்று எண்ணியிருந்த வேளையில், 2017ஆம் ஆண்டு, அங்கே ஒரு காட்சிக்கூடம் கட்டுவதற்காக மண்ணைத் தோண்டியபோது ஒரு பெண்ணின் எலும்புக்கூடு வெளிப்பட்டது. மலேசிய அறிவியல் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அதனை முறையாக அகழ்ந்தெடுத்தார்கள். உடன் கிடந்த ஓடுகளின் காலம் ஏறத்தாழ 5,700 ஆண்டுகள் என்று கணிக்கப்பட்டது. 'பினாங்குப் பெண்' என்று அவர் அழைக்கப்படுகிறார்.

ஓடும் எலும்பும் பேசும் முறை

பழங்கால விலங்குகளின் எலும்பு, பல், கொம்பு, ஓடு ஆகியவற்றைக் கொண்டு மனித வாழ்வை ஆராயும் துறைக்கு விலங்குத் தொல்லியல் என்று பெயர். தின்று எறிந்த மிச்சமே அதன் மூலநூல். அந்த நூலைப் படிக்கும் முறைகளுள் சிலவற்றைக் காண்போம்.

முதலாவது, கடல் எங்கே இருந்தது என்பது. மட்டி சேற்றுக் கடலோரத்தில் வாழ்வது. அவ்வளவு ஓடுகள் உள்நாட்டில் குவிந்திருப்பதால், அக்காலத்தில் கடல் பக்கத்தில் இருந்திருக்க வேண்டும். ஆறாயிரம், ஐயாயிரம் ஆண்டுகளுக்கு முன்னர் மலாய்த் தீபகற்பத்தைச் சுற்றிய கடல்மட்டம் இன்றைக்கு உள்ளதைவிடச் சில மீட்டர் உயர்ந்திருந்தது என்பதை நிலவியலாரும் உறுதி செய்கின்றனர். இன்று நெல் விளையும் நிலத்தில் அன்று அலை அடித்தது.

இரண்டாவது, எலும்பில் உள்ள கீறல்கள். கத்தியோ கற்கருவியோ பட்ட கீறல் மெல்லியதாகவும் கூர்மையாகவும் இருக்கும். நாய் கடித்த தடம் வேறு. முள்ளம்பன்றி கொறித்த தடம் வேறு. தோட்டப்புறத்தில் வளர்ந்தவர்களுக்கு முள்ளம்பன்றியை அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. அது எலும்புகளைக் குகைக்குள் இழுத்துச் சென்று கொறிக்கும் பழக்கமுடையது. அதனால்தான் நம் நாட்டுக் குகைகளில் பழைய விலங்குகளின் எலும்பு அழிந்து, கடினமான பல் மட்டும் மிஞ்சுகிறது.

அப்படி மிஞ்சிய பற்கள் ஒரு பெரிய செய்தியைச் சொல்லின. 2013இல் வெளியான ஓர் ஆய்வு, தீபகற்ப மலேசியாவின் இரண்டு குகைகளில் கிடைத்த ஒன்பது பற்கள் ஓராங் ஊத்தான் குரங்கினுடையவை என்று அறிவித்தது. ஒரு குகை பேராக்கில் உள்ளது. அதன் பற்கள் ஐந்து இலட்சம் ஆண்டுகளுக்கும் பழைமையானவை. மற்றோர் இடம் எது தெரியுமா? நாம் தைப்பூசத்துக்குக் காவடி சுமந்து செல்லும் பத்துமலை! அங்குள்ள பற்களின் காலம் ஏறத்தாழ 60,000 ஆண்டுகள். இன்று போர்னியோவிலும் சுமத்திராவிலும் மட்டுமே காட்டில் வாழும் அந்த உயிரினம் ஒருகாலத்தில் பத்துமலைக் காட்டிலும் வாழ்ந்திருக்கிறது.

மூன்றாவது, விலங்கின் வயதும் இனமும். தமிழகத்தின் கீழடியில் கிடைத்த 70 எலும்பு மாதிரிகள் புணேயில் உள்ள டெக்கான் கல்லூரிக்கு அனுப்பப்பட்டன. மாடு, எருமை, செம்மறியாடு, வெள்ளாடு ஆகியவற்றின் எலும்புகள் அவற்றுள் 53 விழுக்காடு. நீலான், வெளிமான், மயில் போன்றவையும் அடையாளம் காணப்பட்டன. 2019இல் வெளியான இவ்வறிக்கையிலிருந்து, கால்நடை வளர்த்த ஒரு சமூகம் அங்கே இருந்தது தெளிவாகிறது. பானை ஓட்டுக் கீறலில் ஒருவரின் பெயரைப் படிக்கலாம். அவர் வீட்டுத் தொழுவத்தில் என்ன நின்றது என்பதை எலும்புதான் சொல்லும்.

நம் தோட்டத்து மண்

இவற்றையெல்லாம் பாடாங் மேஹா போன்ற தோட்டத்துப் பிள்ளைகளுக்கு ஏன் சொல்ல வேண்டும் என்று சிலர் கேட்கக்கூடும். நான் ஒரு கற்பனையைச் சொல்கிறேன்.

ஆயிரம் ஆண்டுகள் கழித்து ஒருவர் நம் பழைய தோட்டங்களுள் ஒன்றை அகழ்கிறார் என்று வைத்துக்கொள்வோம். லயன் வீடுகள் இல்லை. பால்மரங்கள் என்றோ செம்பனையாகி, செம்பனையும் வீடமைப்புப் பகுதியாகிவிட்டது. முனியாண்டி கோயில் இருந்த மூலையில் மட்டும் ஆட்டெலும்புகள் அகப்படுகின்றன. பல்லைப் பார்த்தால் பெரும்பாலும் இளம் ஆடுகள். இடுப்பெலும்பைப் பார்த்தால் பெரும்பாலும் கிடாக்கள். பாலுக்காக வளர்த்த மந்தை என்றால் முதிர்ந்த பெண் ஆடுகளும் கலந்திருக்கும். ஓரிடத்தில் இப்படிக் கிடாக்களாகவே குவிந்திருந்தால், இங்கே ஒரு வழிபாடு நடந்தது, மக்கள் கூடி விருந்துண்டார்கள் என்று அவர் எழுதுவார். நிருவாகத்தின் கணக்கேடுகளில் எத்தனை பேர் பால் வெட்டினார்கள், எவ்வளவு கூலி வாங்கினார்கள் என்பது இருக்கும். திருவிழா நாளில் அவர்கள் மகிழ்ந்திருந்தார்கள் என்பதற்கு அந்த எலும்புகளே சாட்சி.

எழுதி வைக்காதவர்களுக்கும் வரலாறு உண்டு என்பதே இத்துறை தரும் பாடம். நம் பாட்டன் பாட்டிமாரில் பலர் கையெழுத்துப் போடத் தெரியாமல் விரல் நாட்டம் வைத்தவர்கள். குவார் கெப்பாவில் மட்டி பொறுக்கிய அந்தப் பெண்ணும் எதையும் எழுதவில்லை. அவருக்கும் நமக்கும் இரத்த உறவு தேட வேண்டியதில்லை. ஏடுகளில் இடம் பெறாதவர் என்ற அளவில் அவர் நம் பாட்டியின் வரிசையில் நிற்கிறார்.

2013ஆம் ஆண்டின் இறுதியில், பூஜாங் பள்ளத்தாக்கின் சுங்கை பத்துவில் பதினோராம் எண் சண்டி இடிக்கப்பட்ட செய்தி வெளிவந்தபோது நாடே கொதித்தது. அது முறையான சினம். ஆனால், மட்டிமேடு சூளைக்குப் போனபோது அதைத் தடுத்து நிறுத்தியவர் இல்லை. கோயிலைக் கோயில் என்று கண்டுகொள்ள எல்லாருக்கும் தெரியும். குப்பைமேட்டை வரலாறு என்று கண்டுகொள்ளப் பயிற்சி வேண்டும். அந்தப் பயிற்சியைத் தரக்கூடிய இடம் பள்ளிக்கூடமே.

வகுப்பறைக்கு ஒரு பயிற்சி

ஒரு கிலோ 'கெராங்' வாங்கிச் சமைத்தபின் ஓடுகளைக் கழுவிக் காயவைத்துக் கொண்டுவரச் சொல்லுங்கள். ஒவ்வொன்றுக்கும் இரண்டு ஓடுகள். ஒன்றின் மறுபக்க உருவம்போல் மற்றொன்று இருக்கும். பிரிந்து கலந்து கிடக்கும் ஓடுகளை இடம், வலம் எனப் பிரிக்கச் செய்யுங்கள். இடப்பக்க ஓடு 40, வலப்பக்க ஓடு 55 என்றால் எத்தனை உயிர்கள்? 95 அன்று. இரண்டால் வகுத்து வரும் நாற்பத்தேழரையும் அன்று. குறைந்தது 55. விலங்குத் தொல்லியலார் உலகெங்கும் கையாளும் கணக்கு இதுவே. கணிதமும் அறிவியலும் வரலாறும் ஒரே பாடத்தில் அமைந்துவிடும்.

பெற்றோர்களுக்கு ஒரு வேண்டுகோள். மண்ணில் பழம்பொருள் எதையேனும் கண்டால் பிள்ளைகளைத் தோண்ட விடாதீர்கள். எந்த அடுக்கில் கிடந்தது என்பது போய்விட்டால் பொருளின் பொருளும் போய்விடும். 2005ஆம் ஆண்டின் தேசிய மரபுடைமைச் சட்டப்படி, அதனை மரபுடைமைத் துறைக்கோ மாவட்ட அதிகாரிக்கோ தெரிவிப்பது நம் கடமை.

அடுத்த பள்ளி விடுமுறையில் பூஜாங் அருங்காட்சியகத்துக்குச் செல்வோர், மூடா ஆற்றைக் கடந்து குவார் கெப்பாவுக்கும் பிள்ளைகளை அழைத்துச் செல்லுங்கள். கடாரத்தை அறிந்த பிள்ளை, கடாரத்துக்கு முன்னர் அந்த மண்ணில் உண்டு உறங்கி வாழ்ந்தவர்களையும் அறியட்டும்.

அன்புடன்,
உங்களில் ஒருவராகிய தமிழாசிரியர்