ராஜியில் முடியும் குற்ற வழக்குகள்

‘ராஜி’ என்னும் சொல் நம்மவர்க்குப் புதியதன்று. அரபியில் தோன்றிப் பாரசீகத்தின் வழியே நம் நாட்டு மொழிகளிற் கலந்த அச்சொல்லுக்கு ‘மனம் ஒப்புதல்’ என்பதே பொருள். மராட்டியர் ‘தட்ஜோட்’ என்பர். தாராவியிலோ செம்பூரிலோ இரு குடும்பத்தார் கைகலந்து, காவல் நிலையம் சென்று, பின்னர்ப் பெரியோர் பேசி ஒன்றுபட்டால், “நாங்களே சமாதானமாகிவிட்டோம், இனி வழக்கு எதற்கு?” என்று கேட்பது இயல்பு. அக்கேள்விக்கு நெடிய வரலாறு உண்டு.

சோழர் காலத்தில், வேட்டையாடுகையில் தவறுதலாக மனிதனைக் கொன்றவன் கோயிலில் நந்தா விளக்கெரிக்க ஆடுகள் கொடுத்த செய்தியைக் கல்வெட்டுக்கள் சில கூறுகின்றன. ஒரு விளக்குக்குப் பெரும்பாலும் 90 அல்லது 96 ஆடுகள். உயிருக்கு உயிர் வாங்காது, குற்றத்தை அறமாக மாற்றிய முறை அது. எனினும் அங்கும் தீர்ப்பு ஊரறியக் கல்லில் பொறிக்கப்பட்டது. இருவர் மறைவிற் பேசி முடித்த காரியமன்று.

ஆங்கிலேயர் கொணர்ந்த சட்டத்தின் கொள்கை வேறு. குற்றம் அடிபட்டவனுக்கு மட்டும் இழைக்கப்படுவதன்று. அரசுக்கே இழைக்கப்படுவது என்பது அது. ஆகவேதான் வழக்கின் தலைப்பில் ஒரு புறம் சக்கரவர்த்தியின் பெயரும், பின்னாளில் பம்பாய் அரசின் பெயரும், 1960 மே முதல் மகாராஷ்டிர அரசின் பெயரும் இடம்பெற்றன. பணம் பெற்றுக்கொண்டு குற்றத்தை மறைப்பதையே குற்றமாக்கியது 1860ஆம் ஆண்டுத் தண்டனைச் சட்டம். ஆயினும் சிறு பூசல்களுக்குச் சட்டம் வாயிலை அடைக்கவில்லை. 1898ஆம் ஆண்டு நடைமுறைச் சட்டத்தின் 345ஆம் பிரிவும், 1973ஆம் ஆண்டுச் சட்டத்தின் 320ஆம் பிரிவும் ராஜி செய்யத்தக்க குற்றங்களைப் பட்டியலிட்டன. கையால் அடித்த சிறு காயம், அவதூறு, அத்துமீறி நுழைதல் போன்றவற்றில் பாதிக்கப்பட்டவரே ராஜி செய்யலாம். கொடுங்காயம் போன்ற சிலவற்றுக்கு நீதிமன்றத்தின் அனுமதியும் வேண்டும். முறைப்படி ராஜியானால் எதிரி விடுதலை பெற்றவராவார்.

பட்டியலில் இல்லாத குற்றங்களுக்கு என் செய்வது? 1983இல் மணமான பெண்ணைக் கொடுமைப்படுத்துதல் தனிக்குற்றமாயிற்று. அது பட்டியலில் இடம்பெறவில்லை. கணவனும் மனைவியும் மனமொத்துப் பிரிந்த பின்பும் வழக்கு நின்றது. 2003இல் ஹரியானாவிலிருந்து வந்த ஜோஷி வழக்கில், உயர்நீதிமன்றம் தன் உள்ளார்ந்த அதிகாரத்தால் இத்தகைய வழக்கை முடிக்கலாம் என்று உச்சநீதிமன்றம் கூறிற்று. பம்பாய் உயர்நீதிமன்றத்தின் முழு அமர்வும் 2008இல் இவ்வினாவை ஆராய்ந்தது. பின்னர் உச்சநீதிமன்றத்திலேயே ஐயம் எழ, 2012இல் கியான் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் எல்லை வகுத்தனர். குடும்பப் பிணக்கு, வாணிகக் கொடுக்கல் வாங்கல் போன்றவற்றில் எழும் வழக்குகளை முடிக்கலாம். கொலை, கொள்ளை, கற்பழிப்பு போன்ற கொடுங்குற்றங்களில் ராஜிக்கு இடமில்லை. 2024 ஜூலை முதல் நடைமுறையிலுள்ள புதிய சட்டத்தில் 359, 528 ஆகிய பிரிவுகள் இவ்விரு வழிகளையும் தொடர்கின்றன.

இவ்வெல்லை ஏன் தேவை? ராஜி என்பது மன ஒப்புதலாயின், அம்மனம் யாருடையது என்பதே வினா. வாடகை வீட்டில் வாழும் ஏழைப் பெண் கையொப்பமிடும்போது, இட்டவள் அவளா, அவளைச் சூழ்ந்த அச்சமா? 2024 நவம்பரில் உச்சநீதிமன்றம் தீர்த்த ராஜஸ்தான் வழக்கொன்று இதனை விளக்கும். மாணவியிடம் தகாதமுறையில் நடந்ததாக ஆசிரியர்மீது குற்றச்சாட்டு. சிறுமியின் தந்தை ராஜியானார். உயர்நீதிமன்றம் வழக்கை முடித்தது. அத்தீர்ப்பு செல்லாது என்று உச்சநீதிமன்றம் நீக்கியது. தந்தையின் கையொப்பத்தால் குழந்தைக்கு இழைக்கப்பட்ட தீங்கு அழியாதன்றோ?

ஆதலின் மும்பைவாழ் தமிழர் ஒன்றை நினைவிற் கொள்ளல் நன்று. தெருவில் முத்திரைத் தாளில் எழுதிய சமாதானம் வழக்கை முடிப்பதில்லை. அது நீதிமன்றத்தில் ஏற்கப்படும்வரை வழக்கு உயிருடன் இருக்கும். தவணைக்குச் செல்லாதவர்மீது பிடியாணை பிறக்கும். பட்டியலில் உள்ள குற்றமாயின் மாஜிஸ்திரேட்டிடமோ மக்கள் நீதிமன்றத்திலோ முடிக்கலாம். இல்லையாயின் உயர்நீதிமன்றத்தையே நாடவேண்டும். பெண்களும் தாழ்த்தப்பட்டோரும் வறியவரும் 1987ஆம் ஆண்டுச் சட்டப்படி இலவச வழக்கறிஞரைப் பெறலாம். அண்டை வீட்டாருடன் சமாதானம் செய்வது நற்பண்பே. அச்சத்தால் பிறந்த சமாதானத்தை அப்பண்பென மயங்காதிருத்தல் அதனினும் நன்று.