மெட்டும் மகளின் பங்கும்

மலைமுகட்டையும் அதற்கு ஏறும் வழியையும் 'மெட்டு' என்று வழங்குவது மேற்கு மலையடிவார மக்களின் மரபு. போடிமெட்டு, இராமக்கல்மெட்டு, கம்பம்மெட்டு என்னும் பெயர்கள் அதற்குச் சான்றாகும். கம்பம் பள்ளத்தாக்கின் நெல்வயல்களையும் இடுக்கியின் ஏலக்காடுகளையும் இணைக்கும் கம்பம்மெட்டு, அரசியல் வரலாற்றில் ஓர் எல்லைச் சாவடி. தமிழ்க் குடும்பங்களின் வரலாற்றில் அதற்குள்ள இடம் இதனினும் பெரிது.

தேவிகுளமும் பீர்மேடும் தமிழகத்தோடு சேர வேண்டுமெனத் திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் போராடியது. எனினும் 1956 நவம்பர் 1 அன்று மாநிலங்கள் மொழிவழிப் பிரிந்தபோது, அவ்விரு தாலுகாக்களும் கேரளத்திலேயே அமைந்தன. 1972 ஜனவரி 26 அன்று இடுக்கி மாவட்டம் தோன்றியது. எல்லைக்கோடு நிலத்தைப் பிரித்ததேயன்றி உறவைப் பிரிக்கவில்லை. பெண் கொடுத்தலும் எடுத்தலும், பொங்கலுக்கு மலையிறங்கி வருதலும் தொடர்ந்தன.

உறவு தொடர்ந்தாலும் வீட்டினுள் ஒன்று மாறியது. ஏலக்காய் ஒருசேரப் பழுப்பதில்லை. மாதத்திற்கொரு முறையோ ஒன்றரை மாதத்திற்கொரு முறையோ, தூரடியில் குனிந்து, முற்றிய காயை மட்டும் பார்த்துப் பறித்தல் வேண்டும். அப்பணி பெரும்பாலும் பெண்களுடையதாயிற்று. விடியுமுன் சமைத்து, குழந்தையை மாமியாரிடம் ஒப்புவித்து, பள்ளத்தாக்கின் பெண்கள் ஜீப்பில் மெட்டு ஏறினர். வயலறுப்பில் கூலி நெல்லாக வீட்டுக் குதிருக்குச் சென்ற காலமுண்டு. ஏலக்காட்டுக் கூலியோ பணமாக அவள் கையிலேயே வந்தது. பிள்ளையின் பள்ளிச் செலவிலும் மகளின் நகையிலும் அவள் சொல்லுக்கு இடம் பிறந்தது.

கூலியில் பிறந்த உரிமை, சொத்தில் எளிதில் பிறக்கவில்லை. 1956ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டம், மூதாதையர் சொத்தில் பிறப்புரிமையை ஆண்மக்களுக்கே விட்டுவைத்தது. மெட்டுக்கு மேலே, கேரளம் 1975ஆம் ஆண்டுச் சட்டத்தால் கூட்டுக்குடும்ப முறையையே ஒழித்தது. மெட்டுக்குக் கீழே, தமிழகம் 1989இல் மகளையும் மகனுக்கு நிகரான பங்காளியாக்கியது. ஆயினும் அதற்குமுன் மணமான பெண்களுக்கு அச்சட்டம் பயன்படவில்லை. மணமான மகளும் பங்காளியே என்று நாடு முழுமைக்கும் வழிசெய்தது 2005ஆம் ஆண்டின் மத்தியச் சட்டத்திருத்தமேயாம்.

சட்டம் வந்தும் வழக்கம் உடனே வழிவிடவில்லை. "சீர் செய்தாயிற்றே" என்று கூறி மகளிடம் விடுதலைப் பத்திரத்தில் கையொப்பம் பெறுவது இன்றும் நாம் காண்பதே. பங்கு கேட்டால் பிறந்தகம் கசந்துவிடும், தன் மக்களுக்குத் தாய்மாமன் சீர் நின்றுவிடும் என்றஞ்சி அவளும் கையொப்பமிடுகிறாள். உறவைக் காக்கும் விலையை அவள் ஒருத்தியே செலுத்துகிறாள்.

2011 டிசம்பரில் முல்லைப்பெரியாறு பூசலாலும், 2020இல் கொரோனா ஊரடங்காலும் மெட்டுப் பாதை அடைபட்டது. மலையேறும் பெண்ணின் கூலியை எத்தனை அடுப்புகள் நம்பியிருந்தன என்பதைப் பள்ளத்தாக்கு அப்போது உணர்ந்தது. அடுப்பைக் காத்தவளுக்கு ஆவணத்தில் இடமில்லை என்பது எவ்வகை அறம்?

மாற்றல் ஆணையோடும் பிழைப்போடும் ஊர்விட்டு வந்த நாம், கோலத்தையும் பொங்கலையும் மறவாது பேணுகிறோம், பேணற்குரியனவே அவை. ஆயின் ஊரிலுள்ள பூர்வீக வீட்டைப் பங்கிடும் நாளில் உடன்பிறந்தாளுக்கு நாம் நீட்டுவது பங்குப் பத்திரமா, விடுதலைப் பத்திரமா? மரபு எதை விட்டது, எதைக் கொண்டது என்பதற்கு அந்த ஒரு தாளே விடை கூறும்.